மேல் வீட்டுக்கு இன்னும் பத்து நாள்

அன்பு மகள் ரெனிதாவுக்கு,

பருத்திப்பட்டிலிருந்து அப்பா எழுதுவது. மாதா தயவில் நானும் அம்மாவும் சுகம், எனக்குச் சர்க்கரை இருநூற்றுப் பத்து, அதையும் சுகத்தில்தான் சேர்த்திருக்கிறேன். நீ அந்த அயர்லாந்துக் குளிரில் காதை மூடிக்கொண்டு நேரத்துக்குச் சாப்பிட்டு டியூட்டிக்குப் போய்வருகிறாய் என்று நம்புகிறேன். கல்லறைத் திருநாளுக்குத் தாத்தா கல்லறையைக் கழுவிச் சுண்ணாம்பு அடித்தேன், சாயங்காலமே மழை வந்து கழுவிவிட்டது. தினமும் போனில் பேசும்போது எதற்குக் கடிதம் என்பாய். போனில் சொன்னால் நடுநடுவே கேள்வி கேட்பாய், நர்ஸ் கேட்கிற கேள்விக்கு ஒன்பதாவது படித்தவன் எங்கே பதில் சொல்வது. கடிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது, அந்தத் தைரியத்தில் எழுதுகிறேன். கிறிஸ்துமஸுக்கு லீவில் வருகிறேன், நான் கட்டின மேல் வீட்டில்தான் தங்குவேன், இருப்பவர்களைக் காலி செய்யச் சொல்லுங்கள் என்று அம்மாவிடம் சொன்னாயாமே. அங்கேதான் சிக்கல் பாப்பா.

மேலே ஒரு குடும்பம் வாடகைக்கு இருக்கிறது என்று மட்டும்தான் உன்னிடம் சொன்னேன். அவர்கள் சூடான்காரர்கள். பெரியவர் பெயர் உஸ்மான், என் வயது, கார்ட்டூம் நகரத்துக் கோர்ட்டில் முப்பது வருஷம் ரிஜிஸ்திரார். மனைவி நபீசா. மகன் இத்ரிஸ் பூந்தமல்லி பக்கம் காலேஜில் படிக்கிறான். அங்கே சண்டை மூண்டு தெருவில் குண்டு விழுந்ததும் பெரியவர்கள் இரண்டு பேரும் எகிப்து வழியாக மகனிடம் வந்துவிட்டார்கள். போலீஸ் பதிவெல்லாம் முறையாக இருக்கிறது, வாடகையை சவூதியில் இருக்கும் மூத்தவன் அனுப்பிவிடுகிறான், அதையெல்லாம் நினைத்துப் பயப்படாதே. போன வருஷம் செப்டம்பரில் மாதா பிறந்தநாள் முடிந்த மறு வாரம் வந்தார்கள். பதினோரு மாதத்துக்கு அக்ரிமெண்ட் போடலாமா என்று எல்லாரையும் கேட்பது போலத்தான் கேட்டேன். அவர் காதில் அது ஜெயில் தண்டனை மாதிரி விழுந்திருக்கிறது. முகம் வாடிப்போய், பத்து நாள் போதும், அதற்குள் எங்கள் ஊர் விமான நிலையம் திறந்துவிடும் என்றார்.

பத்தாம் நாள் சாயங்காலம் கதவு தட்டுகிறது. திறந்தால் அந்தப் புழுக்கத்தில் கோட்டும் டையும் மாட்டிக்கொண்டு நிற்கிறார், கையில் விண்ணப்பம். மேலும் பத்து நாள் தங்க அனுமதி கோருகிறேன் என்று இங்கிலீஷில், மார்ஜின் விட்டு எழுதியிருக்கிறார். இருங்க சார் என்றேன். எழுத்தில் வேண்டும் என்றார். முப்பத்தோரு வருஷம் அம்பத்தூர் எஸ்டேட்டில் லேத் ஓட்டினவன் நான், மற்றவர்களுக்கு லீவு லெட்டர் கொடுத்தே பழக்கம். என் தங்கை கல்யாணத்துக்கு மூன்று நாள் கேட்டு ஒன்றரை நாள் கிடைத்தது, தாலி கட்டியதைப் பார்த்தேன், பிரியாணியைப் பார்க்கவில்லை. அப்படிப்பட்டவனிடம் ஒருவர் டை கட்டி வந்து அனுமதி கேட்டால் தலை நிற்குமா. கையெழுத்துப் போட்டேன். அடுத்த பத்தாம் நாளும் வந்தார். மூன்றாம் முறை நான் சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். ஐந்தாம் முறைக்குள் அம்பத்தூர் ஓ.டி.யில் போய் "அனுமதிக்கப்பட்டது" என்று ரப்பர் ஸ்டாம்பு செய்துகொண்டு வந்துவிட்டேன். கொத்துமல்லிக் கட்டு வாங்கறதுக்கே என்னாண்ட கேட்டுகினு போற ஆளு, இன்னா கலெக்டர் வேலை பார்த்துகினு கீற என்று உன் அம்மா கேட்டாள். ஆனால் பத்தாம் நாள் வந்தால் அவளே டீயும் முறுக்கும் எடுத்து வைக்கிறாள், நபீசாவும் கூடவே இறங்கி வந்து இரண்டு பேரும் சமையல்கட்டில் பாஷையே இல்லாமல் ஒரு மணி நேரம் பேசுகிறார்கள்.

உஸ்மான் சும்மாவும் உட்காரவில்லை. பக்கத்துத் தெரு கங்காதரன் ஒரு நாள் தெருவிளக்குக்கு இங்கிலீஷில் எழுதின மனுவை அவரிடம் காட்டினார். நாலு வருஷமாக எரியாத விளக்கு. இவர் சிவப்பு மையில் திருத்தி மறுபடி எழுதச் சொல்லி, இணைப்பு ஒன்று, இணைப்பு இரண்டு என்று நூல் கட்டிக் கொடுத்தார், விளக்கு எரிந்துவிட்டது. அது முதல் முத்தாபுதுப்பேட்டையிலிருந்தெல்லாம் மனுவோடு வருகிறார்கள். மனிதர் முகத்தில் களை வந்துவிட்டது.

இனி நான் செய்த கிறுக்குத்தனத்தைச் சொல்கிறேன், அம்மா சொல்லி நீ கேட்பதைவிட நானே சொல்வது மேல். முப்பத்தெட்டாவது விண்ணப்பம் வந்த அன்று காலையிலிருந்து ஒரு ஆபீஸில் என் பென்ஷன் பேப்பருக்கு நின்று, நாளைக்கு வா என்று துரத்தப்பட்டு வந்திருந்தேன். அந்த வார்த்தையைச் சொல்கிறவனுக்கு அது எப்படி இனிக்கும் என்று ஒரு தடவை பார்த்துவிட ஆசை. பரிசீலனையில் உள்ளது, நாளைக்கு வாருங்கள் என்று எழுதிக் கொடுத்தேன். விளையாட்டுக்குத்தான். அவர் தலை குனிந்து வாங்கிக்கொண்டு போனார். விடிந்து பார்த்தால் மேலே சத்தமே இல்லை, வீடு பெருக்கித் துடைத்து, சாவி எங்கள் வாசற்படியில் இருக்கிறது.

நம் தெரு ஆட்டோக்காரன் கஜபதியைக் கூட்டிக்கொண்டு ஓடினேன். ஆவடி பஸ் ஸ்டாண்டில் நாலு பெட்டியோடு மூன்று பேரும் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். நைனாவுக்கு ராத்திரி சோறே எறங்கல அங்கிள், பெட்டி கட்டிகினே இருந்தாரு என்றான் இத்ரிஸ், அவன் தமிழ் கஜபதி கற்றுக்கொடுத்த தமிழ். எங்கே போகிறீர்கள் சார் என்று என் ஒர்க் ஷாப் இங்கிலீஷில் கேட்டேன். தெரியாது என்றார். ஆனால் கெடு முடிந்த பிறகு இருந்தால் அது ஆக்கிரமிப்பு, அதற்கு எத்தனையோ பேரைக் காலி செய்யும் உத்தரவு என் கையாலேயே அனுப்பியிருக்கிறேன் என்றார். பெட்டிப் பூட்டை இழுத்துப் பார்த்துவிட்டு, என் வீட்டில் இப்போது துப்பாக்கிக்காரர்கள் இருக்கிறார்கள், என் கட்டிலில் படுக்கிறார்கள், அவர்கள் யாரிடமும் பத்து நாள் கேட்கவில்லை, நான் அவர்களைப் போல் ஆகக்கூடாது என்றார். எனக்கு அங்கேயே செருப்பைக் கழற்றி என்னை நானே அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது.

அனுமதி கொடுத்தாயிற்று, வாருங்கள் என்றேன். வாய்மொழி உத்தரவு செல்லாது என்றார். ஸ்டாம்பு வீட்டில். கஜபதி போய் எடுத்துவந்தான், ஸ்டாம்பு பேடெல்லாம் சவாரி வர்றது என் சர்வீஸ்ல இதான் மொத தபா நைனா என்றான். பெட்டி மேல் பேப்பரை வைத்துக் குத்தப்போனேன், தடுத்துவிட்டார். தாமதத்துக்குக் காரணம் எழுத வேண்டுமாம். அவர் சொல்லச் சொல்ல, என் கவனக்குறைவால் ஏற்பட்ட தாமதத்துக்கு வருந்துகிறேன் என்று பஸ் ஸ்டாண்டில் நின்று இங்கிலீஷில் எழுதினேன், இரண்டு எழுத்துப்பிழையைத் திருத்தவும் வைத்தார். அதற்குள் கூட்டம் கூடிவிட்டது. ஒருவர் வருமானச் சான்றிதழ் மனுவை நீட்டி, அண்ணாத்தே, அப்படியே இதுக்கும் ஒண்ணு குத்து என்றார்.

போன வாரம் நாற்பத்தொன்றாவது விண்ணப்பத்துக்கும் ஸ்டாம்பு குத்திக் கொடுத்தேன். நீ வரப்போகிற செய்தியை மறைக்க மனம் வரவில்லை, வீட்டுப் பத்திரம் என் மகள் பெயரில் இருக்கிறது, அவள்தான் முடிவு செய்ய வேண்டும் என்று சொல்லிவிட்டேன். அவர் டீக் கிளாஸைக் கீழே வைத்தார். அப்படியானால் நாற்பத்தொரு உத்தரவும் அதிகாரம் இல்லாதவர் போட்டவையா என்று கேட்டார். ஆமாம் என்றேன். கோபித்துக்கொள்வார் என்று பார்த்தால், உன் முழுப்பெயர், இனிஷியல், விலாசம் மூன்றையும் கேட்டு எழுதிக்கொண்டு மாடிக்குப் போனார். மூன்று நாள் எழுதினார். அதைத்தான் இதோடு வைத்திருக்கிறேன், ஒரிஜினல் தபாலில்தான் போக வேண்டும் என்பது அவர் கட்டளை. உன் கைக்குக் கிடைத்த நாளிலிருந்து பத்து நாள் கேட்டிருக்கிறார்.

உன் வீடு, நீ ராத்திரி டியூட்டி பார்த்துக் கட்டினது, நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். நீ வந்தால் எங்கள் அறை உனக்கு, நான் ஹாலில் படுப்பேன், என் குறட்டை மட்டும் உன் அறைக்கு வரும். சம்மதம் என்றால் போனில் சொல்லிவிடாதே, எழுது. உடனேயும் எழுதாதே, படித்துப் பார்த்து யோசித்ததாகத் தெரிய வேண்டும், இல்லாவிட்டால் பிச்சை போட்ட மாதிரி நினைப்பார். ரொம்பவும் நாள் கடத்தாதே, பெட்டி கட்டிவிடுவார். முடியாது என்றால் அவருக்கு எழுத வேண்டாம், எனக்கு எழுது. நானே மாடிப்படி ஏறிப் போய்ச் சொல்கிறேன். சொல்ல எனக்குக் கொஞ்ச நாள் பிடிக்கும், அவசரப்படுத்தாதே.

தலைக்கு எண்ணெய் வை, ஞாயிறு பூசையை விடாதே, வரும்போது சாக்லேட் வேண்டாம், அம்மாவுக்கு முட்டிவலித் தைலம் கொண்டுவா. தூரத்தில் இருக்கும் உன்னை ஆண்டவர் பக்கத்தில் இருந்து பார்த்துக்கொள்வாராக.

உன் அப்பா,
பாஸ்கல்

(அம்மா அருள்செல்வி முத்தம் கொடுக்கச் சொன்னாள். கொடுத்தாயிற்று.)