நோவா பேழையும் ரெண்டு தடவை எரிஞ்ச மன்மதனும்

ஸ்பிரிங்வெளி, பதுளை.
பௌர்ணமிப் போயா கழிஞ்ச நாலாம் நாள்.

என் தங்க மகள் யசோதினிக்கு,

அம்மா எழுதுறேன். முழங்காலத் தவிர மத்தபடி நான் நல்லா இருக்கேன், தம்பி ரஜீவும் நல்லா இருக்கான், நீ அந்த ஜெர்மனிக் குளிர்ல தடுமன் காய்ச்சல் இல்லாம வேளைக்குச் சாப்பிட்டுக்கிட்டு இருக்கணும்னு மாரியம்மாகிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டுத்தான் பேனாவ எடுத்தேன். கையில போன் இருக்கும்போது இந்தப் பொம்பள எதுக்குக் காயிதம் எழுதுறான்னு நீ சிரிப்ப. போன்ல பேசினா நீ நடுவுல பூந்து எனக்கு விளக்கம் குடுக்க ஆரம்பிச்சிடுவ, அப்புறம் அழுவ, உன்னப் பாத்து நானும் அழுவேன், டேட்டா முடிஞ்சிடும். காயிதம்னா நான் சொல்றத நீ கடைசி வரைக்கும் கேட்டுத்தான் ஆகணும். நம்ம கீழ் டிவிசன்ல மண் சரிஞ்சதுல இருந்து இன்னும் தோட்டத்து மேல் டிவிசன் தகரக் கொட்டகையிலதான் இருக்கோம், மழை பெஞ்சா தப்பு அடிக்கிற மாதிரி சத்தம், மத்தபடி குறை இல்ல. வீடு கட்டித் தர்றேன்னு வந்து போட்டோ புடிச்சவங்க எல்லாரும் சுகமா இருக்காங்கன்னு கேள்விப்பட்டேன்.

போன ஞாயித்துக்கிழமை நீ அழுதுக்கிட்டே டிக்கெட் விலை பாத்துட்டேன்மா, எல்லாத்தையும் போட்டுட்டு வர்றேன்னு சொன்னதுல இருந்து எனக்குச் சோறு இறங்கல. நீ சொன்னத எனக்குப் புரிஞ்ச அளவுல திருப்பிச் சொல்றேன், தப்பா இருந்தா திருத்திக்க. யூத ஜனங்களோட பழைய வேதத்துல மொத அஞ்சு புஸ்தகத்தையும் மோசேதான் எழுதினாருன்னு ரெண்டாயிரம் வருஷத்துக்கு மேல சொல்லிக்கிட்டு வந்தாங்க. ஆனா மோசே செத்ததும் அடக்கம் ஆனதும் அதே புஸ்தகத்துல இருக்கு. செத்தவரு மறுநாள் காலையில பெரட்டுக்கு வந்து நின்னு வேலைக்குப் பேர் குடுத்துட்டுப் போன மாதிரி இருக்கேன்னு யாரோ ஒரு புண்ணியவான் கேட்டு வச்சான், அன்னிக்குப் புடிச்ச சனி. நாலு பேர் எழுதினத ஒட்டினதுன்னு ஒரு கூட்டம், நாலெல்லாம் இல்ல, துண்டு துண்டா வந்து சேந்ததுன்னு ஒரு கூட்டம், சும்மா இருங்கடா எல்லாம் ஒரே ஆளுதான்னு இன்னொரு கூட்டம். நம்ம தொழிற்சங்கத் தலைவருங்க கூட இவ்வளவு பிரிவா பிரியலடி. இதுல நீ புடிச்சது நோவா பேழை. ஒரு இடத்துல மிருகம் எல்லாம் சோடி சோடியா ஏத்துன்னு இருக்கு, இன்னொரு இடத்துல சுத்தமான மிருகம்னா ஏழு ஏழு சோடின்னு இருக்கு. ஒரு இடத்துல நாப்பது நாள் மழை, இன்னொரு இடத்துல நூத்தம்பது நாள் வெள்ளம். ரெண்டு தனித்தனிக் கதைய சடை பின்னின மாதிரி யாரோ பின்னிட்டாங்கன்னு டாக்டர் பட்டத்துக்கு நாலு வருஷம் கண்ணு பூத்துப்போக நீ எழுதின. அத அந்தப் பரீட்சை பாக்கிற பெரிய மனுசன் ஒரே வரியில தூக்கிப் போட்டுட்டாரு. புத்தி உள்ள எவனும் ஒண்ணுக்கொண்ணு ஒத்துவராத ரெண்டு கதைய ஒரே புஸ்தகத்துல பக்கத்துப் பக்கத்துல வைக்க மாட்டான், அப்படிச் செஞ்ச ஒரு ஆளக் காட்டுன்னு கேட்டாராம். மாசக் கடைசிக்குள்ள பதில் எழுதணும், இல்லாட்டி அந்த அத்தியாயத்த எடுத்துடணும், எடுத்தா மிச்சம் ஒண்ணும் இல்ல. இதுதானே கதை?

இப்ப நம்ம ஊட்டுக் கதையக் கேளு. இந்த வருஷம் மாசிக்குக் காமன் கூத்து வேணுமா வேணாமான்னு பெரிய இழுபறி. கீழ் டிவிசன் பூரா மேல வந்து ஒண்டிக்கிட்டு இருக்கு, இருக்கிறது ஒரு கிரவுண்ட், அதனால ஒரே கூத்தா போடுறதுன்னு கோயில் கமிட்டி முடிவு பண்ணிச்சு. முடிவு பண்ணிட்டு டீ குடிச்சிட்டு அவனுங்க போயிட்டானுங்க. மேல் டிவிசன் கூத்துல சிவன் கண்ணத் தொறந்தா மன்மதன் எரிஞ்சு சாம்பல், ரதி சாம்பல அள்ளி அழுவா, மூணாம் நாள்தான் உயிர் வரும். நம்ம கூத்துல அவன் எரியவே மாட்டான், ஊரு கண்ணுக்குத்தான் மறைவான், ரதி கண்ணுக்கு மட்டும் பக்கத்துலயே நிப்பான். எரிஞ்ச கட்சி எரியாத கட்சின்னு லாவணி பாடி வருஷா வருஷம் அடிச்சிக்கிட்ட ஆளுங்கதானே நாங்க. இப்ப ஒரே கொட்டகையில படுத்துக்கிட்டு அதே சண்ட. நம்ம பாட்டுக் கொப்பி வேற மண்ணுக்குள்ள கிடந்து நனைஞ்சு, தாள் எல்லாம் ரொட்டி மாதிரி ஒட்டிப்போச்சு. பாபிலோனுக்குப் புடிச்சிக்கிட்டுப் போனதுக்கு அப்புறம்தான் அந்த யூத ஜனங்க உக்காந்து எல்லாத்தையும் எழுத்துல சேத்தாங்கன்னு ஒரு தடவை நீ சொன்ன, அன்னிக்கு நான் கொட்டாவி விட்டேன். இப்ப புரியுது. சொந்த இடத்துல இருந்தவரைக்கும் நம்மாளு எவனும் கொப்பியத் தேடல.

புதுக் கொப்பி எழுத யாருக்குக் கையெழுத்து நல்லா இருக்குன்னு பாத்தா, கொழுந்து எடுக்கப் போறவங்க பிள்ளைங்கள விட்டுட்டுப் போற பிள்ளைக்காம்பராவுல முப்பது வருஷம் பிள்ளைங்க பேரு எழுதின உங்கம்மா கலாராணிக்குத்தான். காமன் கொப்பியில பொம்பள கை படக்கூடாதுன்னு ஒரு பெருசு முனகிச்சு. அப்ப நீயே எழுதுன்னு பேனாவ நீட்டினேன், வெத்தல போட எழுந்து போயிடுச்சு. மேல் டிவிசன் கூத்து வாத்தியாரு ஜெயராசா மாஸ்டர் ஒரு பக்கம், நம்ம பக்கத்துக்கு இந்த வருஷம் மன்மதன் வேஷம் கட்டுற ஆட்டோக்கார சதீஸ்குமார் ஒரு பக்கம், நடுவுல நான். ஒவ்வொரு பாட்டுக்கும் ஒரு வழக்கு. இத எடுக்காத, எங்க மாமா நேத்திக்கடனுக்குக் கட்டின பாட்டுன்னு ஒருத்தன். அத எடுத்தா என் அண்ணன் ஆவி சும்மா விடாதுன்னு இன்னொருத்தன். பத்து நாளும் ஒரே ரோதனை. கடைசியில ரெண்டையும் எழுதினேன். மொதல்ல அவன் எரிவான், அடுத்த பக்கத்துல எரியலன்னு ரதி பாடுவா, அதுக்கடுத்த பக்கத்துல மேல் டிவிசன் சாம்பல் பாட்டுக்காகத் திரும்ப எரிவான்.

போயா அன்னிக்குக் கூத்து. சிவன் கண்ணத் தொறந்தாரு, வைக்கோல் கம்பம் எரிஞ்சது, சதீஸ்குமார் விழுந்தான், வெள்ளை வேட்டியப் போத்தினாங்க. அவனும் வேலை முடிஞ்சதுன்னு நல்லாக் காலை நீட்டிட்டான். ரெண்டு பாட்டு போனதும் எழும்புடான்னு ஜெயராசா மாஸ்டர் காலால தட்டினாரு. எழும்பி ரதி பக்கத்துல நின்னான். அப்புறம் மறுபடியும் எரியணும்னதும் மறுபடியுமான்னு மைக்லயே கேட்டுட்டான். கம்பம் ஏற்கெனவே சாம்பல், பொடியனுங்க ஓடிப்போய் ரெண்டு கட்டு மானாப்புல்லு வெட்டி வந்து கொளுத்தினாங்க, பச்சப் புல்லு, புகையில சிவனுக்கு இருமல் வந்து சாபத்த அரைகுறையா விட்டாரு. நான் தலையில கை வச்சிக்கிட்டு உக்காந்திருந்தேன், மானம் போச்சுன்னு. ஆனா யசோ, ஒருத்தர் வாயத் தொறந்து இது என்ன ரெண்டு தடவைன்னு கேக்கலடி. பக்கத்து அறை ஜீவராணி ரெண்டு தடவையும் ஒப்பாரி வச்சா. அவன் எரிஞ்ச இடத்துல மேல் டிவிசன் கும்புட்டுச்சு, எரியாம நின்ன இடத்துல கீழ் டிவிசன் கும்புட்டுச்சு, எல்லாருக்கும் அவுங்க கொப்பிதான் ஜெயிச்ச மாதிரி இருந்துச்சு. அடுத்த வருஷமும் இதே கொப்பிதான்னு இப்பவே சொல்லிட்டாங்க. இன்னும் அம்பது வருஷம் போனா இத சாட்சாத் சிவபெருமானே சொல்லச்சொல்ல எழுதினதுன்னு சொல்லுவானுங்க, பாத்துக்க.

ஒண்ணு மட்டும் யார்கிட்டயும் சொல்லல, உன்கிட்ட சொல்றேன். ரதி, எரிஞ்சாருன்னு சொல்றீங்களே, என் கண்ணுக்கு முன்னால நிக்கிறாரேன்னு பாடுற பாட்டு இருக்கே, அது பழைய பாட்டு இல்ல. நீ பொறந்த வருஷம் உங்கப்பா ரதி வேஷம் கட்டினப்ப அவரா கட்டினது. புவனேந்திரன் பொம்பள வேஷத்துல நின்னா என்னையே பாக்க மாட்டாங்க, அவ்வளவு அழகு. கொப்பி எழுதும்போது ஜெயராசா மாஸ்டர் சரியா ஒரு கேள்வி கேட்டாரு, இந்த ஒரு பாட்ட எடுத்துட்டா எல்லாம் சரியா வந்துடுமே தங்கச்சி, ஒரு தடவை எரிச்சா போதுமேன்னு. சரின்னு தலையாட்டிட்டு அத அடிக்கப் பேனாவத் தாள்ல வச்சேன். கை ஓடல. உங்கப்பா போயி ஆறு வருஷம் ஆச்சு, போட்டோ எல்லாம் மண்ணோட போச்சு, குரல் ஒண்ணும் எங்கயும் பதிவு இல்ல, மிச்சம் இருக்கிறது அந்த எட்டு வரி. கதை கெட்டுப்போகும்னு தெரிஞ்சேதான் எழுதினேன். கெடட்டும்.

அதனால அந்தப் பெரிய மனுசன்கிட்ட போய்ச் சொல்லு, ஒத்துவராத ரெண்டு கதையப் பக்கத்துப் பக்கத்துல வைக்கிற ஆளுக்குப் புத்தி இல்லாம இல்ல, எடுத்துப் போட மனசு வரல. அவரு ஒரு ஆளக் காட்டச் சொன்னாரு இல்ல, என்னையக் காட்டு. கொப்பிய போட்டோக்கொப்பி எடுத்து இதோட வச்சிருக்கேன், முப்பத்தோராம் பக்கத்துல இருந்து பாரு. மேல் டிவிசன் பாட்டு நீலம், நம்மது கறுப்பு. நடுவுல நீலப் பேனா மக்கர் பண்ணிச்சு, அதனால கலர நம்பி ஆராய்ச்சி பண்ணிடாத. நீ வரணும்னு எனக்கு ஆசை இல்லாமலா இருக்கு, வாடின்னு சொல்ல வாய் வரைக்கும் வந்துச்சு, உன் பாயக் கூட விரிச்சுப் பாத்தேன். ஆனா தோத்துப்போய் வந்து இந்தத் தகரத்துக்குக் கீழ மூஞ்சத் தொங்கப்போட்டு உக்காந்தா ரெண்டு பேரும் சேந்து கெட்டுப்போவோம். எழுதி முடிச்சிட்டு வா. இதோட அனுப்புற கருவாட்டுப் பொட்டலத்த உன் அறைக்குள்ள கதவச் சாத்திட்டுப் பிரி, போன தடவை மாதிரி தீயணைப்புக்காரன வரவழைக்காத. தலைக்கு எண்ணெய் வை. மாரியம்மாவும், அந்த யூத ஜனங்களோட சாமியும், ஒரே ஆளோ நாலு ஆளோ, உன் கூடவே நிக்கட்டும்.

முழுசா எழுதினதும் மொத பக்கத்துல யாருக்குச் சமர்ப்பணம்னு போடுவாங்களாமே, அங்க உங்கப்பா பேரப் போடு. எட்டு வரியோட இன்னும் ஒரு வரி சேரட்டும்.

இப்படிக்கு,
ஒண்ணையும் எடுத்துப் போடாத
உன் அம்மா கலாராணி