அந்தப் பெடியனுக்குக் காய்ச்சல் விட்டதா?

என் அன்பு அப்பாவுக்கு,

நீங்கள் போய் நாற்பது நாளாகிறது. கொழும்பில் நம் வெள்ளவத்தை அப்படியேதான் இருக்கிறது. காலி வீதியில் அதே நெரிசல், ரயில் போகும்போது நம் ஜன்னல் அதே அதிர்வு. அம்மா உங்கள் கண்ணாடியை இன்னும் துடைத்து வைக்கிறா. எனக்குத்தான் எதைத் தொட்டாலும் அலுப்பாக இருக்கிறது.

உங்களிடம் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். அந்தக் காலைநேரம் ஞாபகம் இருக்கிறதா?

எனக்கு ஐந்து வயது. ஊரில் ஷெல் விழுந்து சித்தப்பா செத்து மூன்று மாதம்கூட ஆகவில்லை. வீட்டைச் சோதிக்க ஒரு ஆமிக்காரன் வந்தான். கீழே ட்ரக் நின்றது. கொழும்பில் தங்கும் தமிழர் பொலிஸில் பதிய வேண்டிய காலம்; பதிவு சரியில்லாதவர்களை அதில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். உங்கள் பதிவுத் துண்டு போன மாதமே காலாவதியாகியிருந்தது.

தினமும் சோதனைச் சாவடியைத் தாண்டிப் பள்ளிக்கூடம் போனவள் நான். அங்கே எல்லாரும் கை தூக்கிச் சோதிக்க விடுவார்கள்; யார் வந்தாலும் கையைத் தூக்குவதுதான் மரியாதை என்று நினைத்திருந்தேன். கதிரையில் ஏறி நின்று அவனைக் கை தூக்கச் சொல்லிச் சைகை காட்டினேன். நீங்கள் என்னை இறக்க ஓடி வந்தீர்கள். அவனோ துவக்கைத் தோளில் மாட்டிக்கொண்டு இரண்டு கையையும் தூக்கினான். அவன் சட்டைப் பையைத் தடவினால் பனடோல் மாத்திரை அட்டை. அம்மா எனக்குச் செய்வதுபோல அவன் கழுத்தில் புறங்கையை வைத்துப் பார்த்தேன்.

"அம்மா, இந்த மாமாக்குக் கொதிக்குது. கொத்தமல்லித் தண்ணி குடுங்கோ."

அம்மா கொடுத்தா. நின்றபடியே ஊதி ஊதிக் குடித்தான். பிறகு உங்கள் துண்டைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், அதை மடித்து உங்கள் கையிலேயே வைத்தான். இன்றைக்கு வெளியே வர வேண்டாம் என்று சிங்களத்தில் சொல்லிவிட்டுக் கதவைத் தானே சாத்திக்கொண்டு போனான்.

"என்ர தம்பியைக் கொன்றவங்களுக்கு இந்த வீட்டில கொத்தமல்லியோ?" என்று அம்மாவிடம் கேட்டீர்கள். அதற்குப் பிறகு இரண்டு நாள் அவவோடு கதைக்கவில்லை. ஆனால் செத்த ஆமிக்காரரின் படங்களை டிவியில் காட்டும்போதெல்லாம் கதிரையைக் கிட்ட இழுத்துப் போட்டீர்கள். யாரைத் தேடுகிறீர்கள் என்று எங்களுக்குத் தெரியாதா, அப்பா?

ஆஸ்பத்திரியில் கடைசிக் காய்ச்சலில் கிடந்தபோது என் கையைப் பிடித்துக் கேட்டீர்கள்.

"பிள்ளை, அந்தப் பெடியனுக்குக் காய்ச்சல் விட்டிருக்குமோ?"

"ஓம் அப்பா, விட்டிட்டுது."

எனக்கு எப்படித் தெரியும்? அடுத்த மாதமே அவனை வன்னிச் சண்டைக்கு அனுப்பியிருக்கலாம். எத்தனை பேர் அப்படிப் போய்த் திரும்பவில்லை. வாய்க்கு வந்ததைச் சொன்னேன். நாற்பது நாளாக அது நெஞ்சில் கிடக்கிறது.

அங்கே அவனைத் தேடிப் பாருங்கள். கண்டால், நீங்கள் இங்கே சொல்லாமல் விட்ட நன்றியைச் சொல்லிவிடுங்கள். எங்குமே காணாவிட்டால் அவன் இங்கேதான் உயிரோடு இருக்கிறான்; நான் சொன்னது பொய்யில்லை, அப்பா. நான் வந்து சேரும்வரை அந்த 'ஓம்' என்ற சொல்லை மாற்றமாட்டேன்.

அவனுக்குக் காய்ச்சல் தொட்டுப் பார்த்த
உங்கள் மகள்,
சுமதி