உன் கையெழுத்தும் வேண்டும்

அன்புள்ள மார்னிக்கு,

இத்துடன் இருக்கும் படிவத்தில் கையெழுத்துப் போட்டு அனுப்பு. நாம் இருவருமே வருமான வரிக் கணக்கைத் திருத்தினால்தான் நீ கூடுதலாகக் கட்டிய பணம் திரும்பி வரும்.

பிப்ரவரியில் முதலில் தாக்கல் செய்தது நான். வீட்டுக் கடன் வட்டியையும் தேவாலயத்துக்குக் கொடுத்ததையும் செலவாகக் காட்டி வருமானத்தில் கழித்துக்கொண்டேன். கணக்கர் கோர்டி அப்போதே தடுத்தார்.

"வேண்டாம்ப்பா. புருஷன் பொண்டாட்டி தனித்தனியா கணக்குக் காட்டும்போது, நீ செலவைக் காட்டிக் கழிச்சா மார்னியும் அப்படித்தான் கழிக்கணும்னு சட்டம். எல்லாருக்கும் கிடைக்கிற பொதுக் கழிவு அவளுக்குக் கிடைக்காது. பள்ளிக்கூடத்துல சமைக்கிறவ, என்ன செலவைக் காட்டுவா?"

"காட்ட முடியாதுன்னு தெரிஞ்சுதான் செய்றேன்" என்றேன். எனக்கு மிச்சமானது இருநூறு டாலர்கூட இல்லை. நீ வீட்டைவிட்டுப் போன கோபம், அவ்வளவுதான்.

ஏப்ரலில் உனக்கு வரி கூடிப்போனதும் நீ போன் செய்து, "இப்படி ஆகும்னு உனக்கும் தெரியாதுல்ல, பாவம்" என்றாய். தெரியாது என்று சொல்லிவிட்டேன்.

போன வாரம் டுலூத் கடைத்தெருவில் உன்னைப் பார்த்தேன். உருகும் பனிச்சேற்றில் இரண்டு பைகளோடு நடந்துகொண்டிருந்தாய். வரி கட்டக் காரை விற்றுவிட்டாய் என்று உன் தங்கை முன்பே சொல்லியிருந்தாள். வண்டியை நிறுத்த எனக்குத் தைரியம் வரவில்லை.

படிவத்தில் திருத்தத்துக்குக் காரணம் கேட்டிருக்கிறார்கள். கோர்டி சொன்னபடி 'தவறுதலாக' என்று எழுதிவிட்டேன். உனக்கு எழுதும் இந்தக் கடிதத்தில் அப்படி எழுத எனக்கு மனம் வரவில்லை.

முதலில் கையெழுத்துப் போடு. திட்டுவதைப் பிறகு திட்டு.

இன்னும் சட்டப்படி
உன் கணவன்