ஓங்கிலைத் தண்ணீரில் பார்த்தவன்

இன்று டிராம்பே பஸ்ஸில் வரும்போது, ஜன்னல் வழியாகக் கழிமுகத்துச் சேற்று வாடை குப்பென்று அடித்தது. பக்கத்தில் இருந்தவர் மூக்கைப் பொத்திக்கொண்டார். என் கையோ தானாகச் சட்டையின் மேல் பொத்தானைத் தேடிப் போனது. நீ இருந்திருந்தால் அந்தக் கையில் ஒரு தட்டுத் தட்டியிருப்பாய்.

என் உடம்பை நினைத்து எனக்கு எவ்வளவு கூச்சம் என்று உனக்குத் தெரியும். தாராவி அறையில் நீங்களெல்லாம் குழாயடியில் வெற்றுடம்போடு குளிப்பீர்கள். நான் மட்டும் சட்டையோடு. ஈரச் சட்டை தொப்பையில் ஒட்டி, மறைக்க நினைத்ததை இன்னும் எடுத்துக் காட்டும். அது தெரிந்தும் கழற்ற மாட்டேன்.

மாஹிம் கரையில் ஏதோ பெரிய மீன் செத்து ஒதுங்கியிருக்கிறது என்று கேள்விப்பட்டு, ஒரு ஞாயிற்றுக்கிழமை எல்லோருமாகப் போனோமே. போய்ப் பார்த்தால் டால்பின். சாம்பல் நிறத்தில், ஊதிப்போய், வயிறு தெரியக் கிடந்தது. நம் அறையில் இருந்த நாகப்பட்டினத்துக்காரன் அதைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான்.

"கடல்பன்னிடா இது. உன் சொந்தக்காரன் கெடக்கான், வந்து மாலையப் போடு!"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவைத்தேன். அவமானத்தில் காது எரிந்தது. சுற்றி நின்ற மராட்டிக்காரர்களுக்கு அவன் பேசியது புரியவில்லை என்பது ஒன்றுதான் ஆறுதல். அதுவும் நிலைக்கவில்லை, கையால் தொப்பை வரைந்து, அவர்களுக்கு ஹிந்தியில் விளக்கம் சொல்லிவிட்டான் பாவி.

நீ சிரிக்கவில்லை. தோளில் கிடந்த துண்டை அலையில் நனைத்து அதன் முகத்தை மூடினாய். உங்கள் தூத்துக்குடிப் பக்கத்துக் கரையில் அதுதான் வழக்கமாம். வேடிக்கை பார்க்க விடாமல் மூடி, குழி வெட்டிப் புதைப்பார்களாம்.

"எங்க பக்கம் இதுக்கு ஓங்கில்னுதாம்ல பேரு," என்றாய். "தண்ணிய விட்டு ஓங்கி எந்திக்கும் பாத்துக்கோ, அதான் ஓங்கில். எங்க தாத்தன் காலத்துக்கும் முந்துன பேரு. பன்னின்னு பேரு வச்சவன், செத்து ஊதுனதக் கரையில பாத்திருப்பான். ஓங்கில்னு வச்சவன் தண்ணியில பாத்தவன்."

நாகப்பட்டினத்தான் வாயடைத்துப் போனான் என்று எழுத ஆசைதான். அவன் அதற்குப் பிறகும் என்னைப் பன்னி என்றுதான் கூப்பிட்டான். நீ மட்டும் "ஏல ஓங்கில்" என்றாய். டிராம்பே படகுத்துறைக்கு இழுத்துப்போய், "உள்ள எறங்கிட்டா எவனுக்குல ஒன் தொப்ப தெரியும்?" என்று சட்டையைப் பிடுங்கினாய். நான் கடைசிப் படியைக் கட்டிக்கொண்டு நின்றேன். நீ தூரத்தில் இடுப்பளவுக்குத் துள்ளி எழும்பி, தலையை உதறிச் சிரித்தாய்.

பிறகு உனக்குச் சிறுநீரகம் கெட்டது. ஆஸ்பத்திரியில் என்னைக் கண்டதும் போர்வையைத் தலைக்குமேல் இழுத்துக்கொண்டாய். முகம், கை, கால் எல்லாம் ஊதிவிட்டது என்று நர்ஸ் ஏற்கெனவே சொல்லியிருந்தார்.

"போயிருல," என்றாய் உள்ளிருந்தே. "பாக்குற மாதிரி இல்லல நான்."

அந்தக் கூச்சம் என்னுடையது. அது உன்னிடம் எப்படிப் போய்ச் சேர்ந்தது? எனக்கு அழுகை வந்துவிட்டது. கட்டில் பக்கத்தில் நின்று சட்டையைக் கழற்றினேன். வார்டு முழுக்கத் திரும்பிப் பார்த்தது. யாரோ சிரிக்கவும் செய்தார்கள். செத்துவிடலாம் போலிருந்தது.

"சட்டையக் கழட்டிட்டம்ல," என்றேன். "நீ வெளிய வா. நான் ஒன்னயத் தண்ணியில பாத்தவன்."

பிறகு போர்வை மெல்ல இறங்கியது. என் தொப்பையைப் பார்த்துவிட்டு, அந்த ஊதிய முகத்தோடு நீ சிரித்தாய்.

நீ செத்துப்போன பிறகும் நான் சட்டையோடுதான் குளிக்கிறேன். கூச்சம் என்னை விடவில்லை. ஆனால் உன்னை நினைத்தால் அந்த ஆஸ்பத்திரிக் கட்டில் வருவதில்லை. தண்ணீரை விட்டு எழும்பித் தலையை உதறுகிறாய்.