பெட்டிக்கடைக் கயிற்றில் ஓர் அட்டைப்படம்

கச்சிராயபாளையம் பேருந்து நிறுத்தத்துப் பெட்டிக்கடைக்கு இந்த வார இதழ் வந்துவிட்டது. கயிற்றில் கிளிப் போட்டுத் தொங்குகிறது. புதுத் தாளின் மை வாசனை மூக்கில் ஏறியதும் உன்மேல் பழைய எரிச்சல்தான் முதலில் வந்தது. அழுகை அப்புறம்தான். செத்துப்போன நண்பனைப் பார்த்துப் பொறாமைப்படுகிறவன் இந்த ஊரில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

பள்ளிக்கூடத்தில் நன்றாக வரைகிறவன் நான். நீ யானை வரைந்தால் எருமை என்பார்கள். படிப்பு முடிந்து நான் கள்ளக்குறிச்சியில் டிராயிங் மாஸ்டர் ஆனேன். நீ சென்னைக்குப் போய் ஒரு வார இதழில் பிழை திருத்த உட்கார்ந்து, கடைசியில் அதற்கே ஆசிரியர் ஆனாய். கதைக்கு ஓரமாக ஒட்டிக்கொண்டு கிடந்த படங்களுக்கு முழுப் பக்கம் கொடுத்தாய். யார் யாரோ உன்னால் பெரிய ஓவியர்கள் ஆனார்கள். மேடையில் உன் பெயரைச் சொல்லிக் கண் கலங்கினார்கள். எனக்கு வயிறு எரிந்தது.

நான் கேட்டது ஒரே ஒரு அட்டைப்படம்.

நீ ஊருக்கு வரும்போதெல்லாம் புதிதாக ஒன்று வரைந்து வைத்திருப்பேன். அதை நீ கையில் வாங்கிப் பார்க்கவே மாட்டாய். நேரே இந்தக் கடைக்குக் கூட்டிவந்து, மற்ற இதழ்களுக்கு நடுவே மாட்டச் சொல்லிவிட்டு, ரோட்டைத் தாண்டி எதிர்ப்பக்கம் போய் நிற்பாய். “பஸ்ல குந்திக்கினு இருக்கறவன் அத பாத்துட்டு எறங்கி வந்து வாங்கணும்டா. அதான் அட்டை” என்பாய்.

கல்வராயன் மலையில் வரப்பு வரப்பாக உட்கார்ந்து, சாமைக் கதிர்களைத் தனித்தனியாக வரைந்துகொண்டு வந்தேனே, அந்தப் படத்துக்கும் அதே சோதனைதான்.

“இன்னாடா தெரியுது?” என்று கடையிலிருந்து கத்தினேன்.

“பச்சையா தெரியுது. இன்னான்னு தெரில.” திரும்பி வந்து என் தோளில் கை போட்டாய். “கிட்ட வெச்சு பாக்கற படம்டா இது. உள்ள போடறேன்.”

கடைக்கார அண்ணன் காதில் விழாததுபோல் வெற்றிலைக்குத் தண்ணீர் தெளித்தார். சொன்னபடி உள்ளே போட்டாய், முழுப் பக்கம், நல்ல தாளில். பள்ளியில் எல்லோரும் கை கொடுத்தார்கள். எனக்கு அது தொண்டையில் இறங்கவில்லை.

நீ போன பிறகு, உன் நாற்காலிக்கு வந்த பெண் என்னைப் போனில் கூப்பிட்டார். “சாரோட நினைவு இதழுக்கு அட்டை நீங்கதான் வரையணுங்க” என்றார். சரி என்றேன். வேறு என்ன சொல்வது?

வரைந்ததை உடனே அனுப்ப மனம் வரவில்லை. இங்கே கொண்டுவந்து மாட்டிவிட்டு எதிர்ப்பக்கம் போய் நின்றேன். உன்னால் வந்த புத்தி, இனி போகாது. என் பக்கமாக டவுன் பஸ் வந்து நின்றது. சன்னலோரம் இருந்த அம்மா பக்கத்திலிருந்தவளை இடித்தாள். “அங்க பாருடி, நம்ம ஊரு பத்திரிகக்காரரு.” அப்புறம்தான் அனுப்பினேன்.

அந்த இதழ்தான் இப்போது கயிற்றில் ஆடுகிறது. சற்றுமுன் பஸ்ஸிலிருந்து ஒருவர் இறங்கி வந்து வாங்கிக்கொண்டு மறுபடி ஏறினார். உன் முகத்தைப் பார்த்துத்தான் இறங்கினார்.

நானும் ஒன்று வாங்கிப் பிரித்தேன். அட்டை முழுக்க நீ. என் பெயரைப் பொடி எழுத்தில் உள்ளே போட்டிருக்கிறார்கள்.