மூக்கால் அழுத்திய பொத்தான்

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுகிறேன். இங்கே நான் நலம், உன் அம்மா நலம், என் மேல் அவளுக்குள்ள கோபமும் குறைவில்லாமல் நலம். நீ அங்கே வேளைக்குச் சாப்பிட்டு நேரத்தோடு தூங்கி நன்றாக இருக்க வேண்டும். நேற்று உன் அத்தை கடைக்கு வந்து, "டிஜிட்டல் மீடியா படிக்கிறாளே, டிவியில எப்ப வருவா?" என்று மூன்றாவது தடவையாகக் கேட்டாள். டிவியில் வரமாட்டாள், திரையில் எதை எங்கே வைத்தால் ஜனங்களுக்குச் சுலபம் என்று யோசிக்கிற படிப்பு என்று நானும் மூன்றாவது தடவையாகச் சொன்னேன். "இதுக்கா இத்தனை வருஷம்?" என்று கேட்டுவிட்டுப் போய்விட்டாள்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நம் மூக்குக்கண்ணாடிக் கடைக்கு நீ செய்து தந்த செயலியைப் பற்றிப் பல்கலைக்கழகம் அனுப்பிய படிவத்தை நான் நிரப்பிய லட்சணம் அம்மாவுக்கும் தெரிந்துவிட்டது. எல்லாக் கேள்விக்கும் பத்துக்குப் பத்து போட்டவன், எவ்வளவு சிரமப்பட்டீர்கள் என்ற கேள்விக்கும் அதே வேகத்தில் பத்து போட்டுத் தொலைத்தேன். இது வாடிக்கையாளர் கருத்து இல்லை, அப்பா கருத்து என்று உன் பேராசிரியர் திருப்பி அனுப்பிவிட்டார், திங்கட்கிழமைக்குள் என் கைப்பட உண்மையை எழுதித் தராவிட்டால் இந்தப் பருவத்தில் செய்முறைக்கு மதிப்பெண்ணே கிடையாது என்று நீ போனில் சொன்னாய். "பொய் சொல்லாதீங்கப்பா, எது நல்லாயில்லையோ அதைச் சொல்லுங்க" என்று நீ சொன்னதிலிருந்து எனக்கு மனசே சரியில்லை.

இதோ அந்த உண்மை, திட்டாமல் படி. மூன்று மாதமாக உன் செயலியை நான் தொடவே இல்லை. நீ வீடியோவில் அழைக்கும்போது மட்டும் டேப்லெட்டைத் துடைத்து மேசையில் நிமிர்த்தி வைப்பேன், பேசி முடித்ததும் அது இழுப்பறைக்குள் போகும், வருகிறவர்கள் பெயரை எழுதும் பழைய நோட்டு வெளியே வரும். நேற்றுதான் நோட்டை உள்ளே வைத்துப் பூட்டிவிட்டு வந்தவர்களை எல்லாம் டேப்லெட்டில் பெயர் பதியச் சொன்னேன். முதல் ஆளாக அடுத்த கடைத் தையல்கார அக்கா, கண்ணாடியின் கால் உடைந்துவிட்டது என்று கழற்றிக் கொடுத்தார். திரையை அவர் பக்கம் திருப்பினேன். வெள்ளைப் பின்னணியில் இளஞ்சாம்பல் எழுத்து, அதுவும் எறும்பு அளவு, கண்ணாடி இல்லாத கண்ணுக்கு என்ன தெரியும்? குனிந்து குனிந்து பார்த்ததில் அவர் மூக்கு அழிக்கிற பொத்தானில் பட்டு, பதிந்தது எல்லாம் காணாமல் போனது. ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. கடைசியில் "தம்பி, உன் கண்ணாடியைக் குடு" என்று என்னுடையதை வாங்கி மாட்டிக்கொண்டு பதிந்தார், சரியாகப் பதிந்தாரா என்று பார்க்க இப்போது எனக்குக் கண்ணாடி இல்லை. அடுத்து வந்த ஓய்வுபெற்ற தபால்காரர் திரையைத் தடவிப் பார்த்துவிட்டு, "இன்னும் ஒண்ணும் அச்சடிக்கலையா?" என்றார். உன் அம்மா சிரிப்பை அடக்க முடியாமல் உள்ளே ஓடிவிட்டாள்.

நம் கடைக்கு வருகிறவர்கள் முதலில் செய்கிற வேலை கண்ணாடியைக் கழற்றுவதுதான். அந்த மேசைக்கடியில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதியவள் நீ, இருபத்தைந்து வருடமாக மேசைக்குப் பின்னால் நிற்கிறவன் நான், இரண்டு பேருக்கும் இது உறைக்கவில்லை பார். நிறம், படம் எல்லாம் அழகு, கண்ணாடி தயாரானதும் நேற்று அக்காவின் போனுக்குத் தானாகச் செய்தி போனது நிஜமாகவே உதவி. ஆனால் எழுத்தைக் கட்டைவிரல் அளவுக்குப் பெரிதாக்கு, கன்னங்கரேலென்று ஆக்கு, அழிக்கிற பொத்தானை யார் மூக்குக்கும் எட்டாத மூலைக்குத் தள்ளு.

இனி எழுதுவதைப் பேராசிரியரிடம் காட்டாதே. சின்ன வயதில் நீ யானை வரைந்து அது பூசணிக்காய் மாதிரி வந்தாலும் பிரமாதம் என்றே சொல்லிப் பழகிவிட்டேன், குறை சொன்னால் வாடிவிடுவாயோ என்று பயம். இப்போது நீயே வாயைத் திறந்து குறையைக் கேட்கிறாய். பெருமையாக இருக்கிறது, கொஞ்சம் அழுகையாகவும் வருகிறது. மகராசியாக இரு. திரையையே வெறித்துக்கொண்டிருக்காமல் அடிக்கடி ஜன்னல் வழியே தூரத்தில் பார், இது கண்ணாடிக்காரன் பேச்சு, தட்டாதே. இந்தக் கடிதத்தையும் படிவத்தையும் அம்மா இன்றே படம் பிடித்து அனுப்புவாள், திங்கட்கிழமையை மறந்துவிடாதே.

படிவத்தில் புதிதாக மதிப்பெண் போட்டிருக்கிறேன். பத்துக்கு நாலு. அம்மா மூன்று போதும் என்றாள், நான் விடவில்லை. என் மகளுக்கு நாலு போடக் கை வரவேயில்லை. ஆனாலும் போட்டுவிட்டேன்.

இப்படிக்கு,
உன் வாடிக்கையாளர்,
அப்பா