போஸ்டருக்கு அடியில் இருந்த நோட்டீஸ்

கே.கே. நகர், மதுரை

அன்பு மகள் கனகலட்சுமிக்கு,

கப்பலூர் சாக்கு குடோனை ஏலம் விடப்போவதாக வங்கி பேப்பரில் விளம்பரம் கொடுத்துவிட்டது, ஜாமீன் கையெழுத்துப் போட்டவள் என்று உன் பெயரும் அதில் வந்துவிட்டது. டப்ளினில் இருந்துகொண்டு அதைப் போனில் பார்த்துவிட்டு அம்மாவிடம் அழுதாயாம். போனில் பேசினால் எனக்குக் கோபம்தான் முந்தும், அதனால் எழுதுகிறேன். இங்கே நானும் அம்மாவும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் குளிருக்கு அடக்கமாக இருந்துகொள்ளுங்கள்.

கடன் வாங்கியது உண்மை, அரிசி ஆலைக்காரர்கள் சாக்குப் பணத்தை இழுத்ததில் ஏழு மாதம் தவணை கட்டாததும் உண்மை. ஆனால் முறையாக ஒரு வார்த்தை சொல்ல வேண்டாமா? நான் பாக்கி கேட்கப் போனால்கூட வாசலில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிட்டுத்தான் கேட்பேன். வாரத்துக்கு மூன்று தடவை போன் போடத் தெரிந்தவர்கள், அறுபது நாளில் கடனைக் கட்டு என்கிற நோட்டீசை மட்டும் நாம் என்றோ காலி செய்த காளவாசல் கடைக்கு அனுப்பியிருக்கிறார்கள். அது திரும்பி வந்ததும் குடோன் கேட்டில் ஒட்டிப் படம் எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். அந்த வாரம்தான் உன் அத்தை பிள்ளைகளுக்குக் காதணி விழா, குடோன் நாலு நாள் பூட்டிக் கிடந்தது. தாய்மாமன் என்று நான் கும்பிடுகிற படத்தைப் பெரிதாகப் போட்டு போஸ்டர் அடித்தேன், நம்ம கேட்டையும் விட்டுவிடாதே என்று நானே சொன்னேன். ஒட்டியவன் நோட்டீஸ் மேலேயே ஒட்டிவிட்டான். விளம்பரம் வந்த பிறகு கிழித்துப் பார்த்தால் அடியில் பசையோடு இருக்கிறது. கிழித்த போஸ்டரோடு வங்கியில் போய்ச் சத்தம் போட்டேன். அங்கிருந்த அதிகாரி அவர்கள் கேட்டில் எடுத்த படத்தைக் காட்டி, "நாங்க ஒட்டிட்டோம்ணே, அதுக்கு மேல கும்பிட்டுக்கிட்டு நிக்கிறது யாரு, நீங்கதானே" என்றான்.

நம்ம பழைய கூட்டாளி நைனா முகமது பாய் மகள் நிலோபர்தான் வக்கீல். போஸ்டரை விடுங்க மாமா, முகவரி மாறினதை எழுதிக் கொடுத்தீங்களா என்று ஒன்றே ஒன்றுதான் கேட்டது. வங்கி சீல் வைத்த நகலை எடுத்து நீட்டினேன். அம்புட்டு இருந்தும் கடன் வசூல் தீர்ப்பாயத்துக்கு மூன்று தடவை நடந்த பிறகுதான் அதைப் பார்த்தார்கள். பார்த்ததும், வீட்டு முகவரி கையில் இருக்கும்போது பழைய கடைக்கு ஏன் அனுப்பினீர்கள் என்று வங்கியைக் கேட்டார்கள். நீயும் எந்த ஊரில் எந்தத் தாளைக் கொடுத்தாலும் நகலில் சீல் வாங்காமல் நகராதே.

நீ பணம் அனுப்பாதே, அம்மா நகையையும் தொடமாட்டேன், சாக்கு ஏற்றுகிற வண்டி இரண்டையும் விற்கப் பேசிவிட்டேன். உன் பெயருக்குத் தனியாக நோட்டீஸ் வரும், பயந்து திருப்பிவிடாதே, கையெழுத்துப் போட்டு வாங்கித் தேதியை எழுதி வை. ஒச்சாண்டம்மன் உங்கள் இருவருக்கும் துணை நிற்பாள்.

தீர்ப்பாயத்தில் முடிவானது இதுதான். ஏலம் நின்றது. முப்பது நாளில் நான் நாலு லட்சம் கட்ட வேண்டும். வங்கி புது நோட்டீசை இந்த வீட்டுக்கு அனுப்பி அறுபது நாள் தர வேண்டும், என் ஆட்சேபத்துக்கு எழுத்தில் பதில் சொல்ல வேண்டும், அதுவரை கேட்டில் கை வைக்கக் கூடாது.

உன் அப்பா,
உக்கிரபாண்டி